எந்தப் பிரதி, எந்த ஆண்டு, எந்த மொழி? ஹோலோகாஸ்ட் நினைவு நூல்களைத் தமிழில் வெளியிடுவோருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பதிப்பாளர்களுக்கும் பதிப்பாசிரியர்களுக்கும் மொழிபெயர்ப்பாளர்களுக்கும்,

வணக்கம்.

நாஜிகளின் யூத இன அழிப்பில் உயிர் தப்பியவர்கள் எழுதிய நூல்கள் தமிழுக்கு வந்துகொண்டிருப்பதில் எங்களுக்கு மிகுந்த மகிழ்ச்சி. ஹிட்லரின் தன்வரலாறு புத்தகக் கடைகளில் தடையின்றி விற்கும் ஊரில், அவர் கொல்லச் சொன்ன மக்கள் என்ன எழுதினார்கள் என்பதும் வாசகர் கைக்குக் கிடைக்க வேண்டும். அந்தப் பொறுப்பை எடுத்துக்கொண்டவர்கள் நீங்கள். அதனால்தான் இந்த மடலை உங்களுக்கு எழுதுகிறோம்.

எங்கள் கோரிக்கை ஒன்றுதான். இந்த நூல்கள் இலக்கியமாகவும் இருக்கின்றன, சாட்சியமாகவும் இருக்கின்றன. சாட்சியத்துக்குத் தேதி உண்டு, மொழி உண்டு, பிரதி உண்டு. இந்த மூன்றையும் தெரிந்துகொள்ளாமல் மொழிபெயர்ப்பைத் தொடங்காதீர்கள்; தெரிந்துகொண்டதை வாசகருக்குச் சொல்லாமல் அச்சுக்கு அனுப்பாதீர்கள்.

எலீ வீசலின் 'இரவு' நூலை எடுத்துக்கொள்வோம். உலகம் முழுக்கப் படிக்கப்படும் அந்தச் சிறு நூல் 1958-இல் பாரிஸில் பிரெஞ்சு மொழியில் வந்தது. அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பே, 1956-இல், அர்ஜென்டினாவின் புவெனஸ் அயர்ஸ் நகரில், கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழியான யிடிஷில் அவர் எழுதிய நூல் வெளிவந்துவிட்டது. 'உலகமோ மௌனமாக இருந்தது' என்ற பொருள் தரும் தலைப்பு, 245 பக்கம். போலந்து யூதர்களுக்காக அந்த நகரில் 1946 முதல் 1966 வரை வெளியான 175 நூல்கள் கொண்ட வரிசையில் அது ஒன்று. பிரெஞ்சுக்குப் போனபோது அது பெரிதும் வெட்டிச் சுருக்கப்பட்டது. குறைந்தது பக்கங்கள் மட்டும் என்று நினைத்துவிட வேண்டாம். யிடிஷ் நூல் தன் சொந்த மக்களிடம் பேசுகிறது; போர் முடிந்து பத்து ஆண்டுகளில் உலகம் எல்லாவற்றையும் மறந்துவிட்டதே என்ற கோபத்தோடு முடிகிறது. பிரெஞ்சு நூல், விடுதலைக்குப் பிறகு கண்ணாடியில் தன் முகத்தைப் பார்க்கும் இடத்திலேயே நின்றுவிடுகிறது.

ஆங்கிலத்திலும் இரண்டு உண்டு: 1960-இல் வந்தது ஒன்று, வீசலின் மனைவி மரியன் வீசல் மொழிபெயர்த்து 2006-இல் வந்தது மற்றொன்று. பழையதில், போலந்தில் நாஜிகள் நடத்திய ஆஷ்விட்ஸ் முகாமுக்குள் நுழையும் சிறுவனிடம் ஒரு கைதி வயது கேட்கிறார். இன்னும் பதினைந்து ஆகவில்லை என்கிறான். வீசல் பிறந்தது 1928 செப்டம்பர் 30. சிகெட் ஊரிலிருந்து அவர் குடும்பத்தை ரயிலேற்றியது 1944 மே மாதம். அப்போது அவருக்குப் பதினைந்தரை வயது. 2006 பதிப்பு இதைத் திருத்திக்கொண்டது. பழைய ஆங்கிலப் பதிப்பை வைத்துத் தமிழாக்கினால், நூலாசிரியர் தம் வாழ்நாளிலேயே திருத்திய பிழையை நாம் மறுபடி உயிர்ப்பித்தவர்கள் ஆவோம். 2006 பதிப்பை எடுங்கள். அதற்கு வீசல் எழுதிய முன்னுரையை இடம் போதவில்லை என்று தள்ளிவிடாதீர்கள். யிடிஷ் நூலின் தொடக்க வரிகளையும் முடிவுப் பகுதியையும் அதில் அவரே எடுத்துத் தந்திருக்கிறார். மூல நூலின் கோபம் தமிழ் வாசகருக்கு எட்ட அந்தச் சில பக்கங்களே எளிய வழி.

இத்தாலிய எழுத்தாளர் பிரிமோ லெவியின் நூலிலும் இதே சிக்கல் வேறு உருவத்தில் இருக்கிறது. 'இவன் மனிதன்தானா' என்று கேட்கும் அவருடைய முதல் நூலை எய்னாவ்தி என்ற பெரிய பதிப்பகம் திருப்பி அனுப்பியது. 1947-இல் தூரின் நகரில் டி சில்வா என்ற சிறு பதிப்பகம் 2,500 பிரதிகள் அச்சிட்டது. 1958-இல் எய்னாவ்தியே அதை வெளியிட்டபோது லெவி பல பகுதிகளைச் சேர்த்தார். ஓர் அத்தியாயம் முழுக்கவே அப்போது எழுதிச் சேர்த்தது. நாம் படிப்பது 1958-இன் நூல். 'போர் முடிந்த உடனே, 1947-இல் எழுதியது' என்று பின்னட்டையில் போட்டால் அது பாதி உண்மைதான். இதே நூல் அமெரிக்காவில் 'ஆஷ்விட்ஸில் உயிர்வாழ்தல்' என்ற பொருளில் வேறு பெயரோடு விற்கிறது. இரண்டு தலைப்பையும் பார்த்துவிட்டு இரண்டு நூல்கள் என்று எண்ணி உரிமை கேட்கத் தொடங்க வேண்டாம். பதிப்புக் குறிப்பில் இரண்டு பெயரையும் சொல்லிவிடுங்கள்.

போலந்துப் பியானோ கலைஞர் விளாதிஸ்லாவ் ஷ்பில்மானின் நூல் இன்னும் நல்ல பாடம். அது முதலில் 1946-இல் வார்சாவில், யெர்சி வால்டோர்ஃப் என்பவர் செப்பனிட்டு, 'ஒரு நகரத்தின் மரணம்' என்ற தலைப்பில் வந்தது. இடிந்த வார்சாவில் ஷ்பில்மானுக்கு உணவு கொடுத்துக் காப்பாற்றியவர் வில்ம் ஹோசன்ஃபெல்ட் என்ற ஜெர்மன் ராணுவ அதிகாரி. ஆனால் 1946-இன் போலந்தில், ஒரு ஜெர்மானியர் யூதரைக் காப்பாற்றினார் என்று அச்சிட முடியாது. எனவே அந்தப் பதிப்பில் அவர் ஆஸ்திரியர் ஆனார். 1998-இல் ஜெர்மன் மொழியில் நூல் மீண்டும் வந்தபோதுதான் அவர் யார் என்பது அச்சில் ஏறியது. ஹோசன்ஃபெல்டின் நாட்குறிப்பிலிருந்து சில பகுதிகளும் சேர்ந்தன. அவர் சோவியத் சிறையில் 1952-இல் இறந்துபோயிருந்தார். 1999-இன் ஆங்கில நூல் ஜெர்மன் வழியாக வந்தது. அதிலிருந்து செய்யும் தமிழ் நூல் போலிஷ், ஜெர்மன், ஆங்கிலம் கடந்து நான்காவது மொழியில் நிற்கும். இதில் குறை ஒன்றுமில்லை. சொல்லாமல் விடுவதுதான் குறை. காப்புரிமைப் பக்கத்தில் 'ஆங்கிலம் வழித் தமிழில்' என்று மட்டும் போடாமல் முழு வழியையும் எழுதுங்கள். நான்கு வரி போதும்.

ஆங்கிலத்தில் இருப்பதெல்லாம் மொழிபெயர்ப்பு என்றும் கருதிவிட முடியாது. வியன்னாவில் பிறந்த ரூத் க்ளூகர் தம் நூலை 1992-இல் ஜெர்மனில் வெளியிட்டார். தாய் உயிரோடு இருக்கும்வரை ஆங்கிலத்தில் வெளியிடாமல் வைத்திருந்தார். 2001-இல் வந்த ஆங்கில நூல் அவரே அமெரிக்க வாசகர்களுக்காக மாற்றி எழுதியது. இரண்டும் ஒரே வாழ்க்கையைச் சொல்லும் இரண்டு நூல்கள். எதைத் தமிழாக்குகிறோம் என்பதை நீங்கள் தேர்ந்தெடுத்தாக வேண்டும், தேர்வையும் சொல்லியாக வேண்டும்.

விக்டர் ஃபிராங்க்லின் நூலைப் பற்றி ஒரு தனி வேண்டுகோள். அதைத் தன்னம்பிக்கை நூல்களின் அலமாரியில் வைத்து, 'வெற்றிக்கு வழிகாட்டும் நூல்' என்று விற்காதீர்கள். வியன்னாவில் 1946-இல் வந்த முதல் பதிப்பின் தலைப்பே ஓர் உளவியலாளர் வதைமுகாமை எப்படி அனுபவித்தார் என்பதைத்தான் சொன்னது. ஆங்கிலத்தில் 1959-இல் வேறு தலைப்பில் வந்தது. 'மனிதனின் அர்த்தத் தேடல்' என்ற பொருளில் இன்று நாம் அறியும் தலைப்பு அதற்கும் பின்னால் வந்தது. அந்த நூலை ஆஷ்விட்ஸ் அனுபவம் என்று சுருக்குவதும் தவறு. ஃபிராங்க்ல் 1942 செப்டம்பர் முதல் 1944 அக்டோபர் வரை தெரேசியன்ஸ்டாட் முகாமில் இருந்தார். ஆஷ்விட்ஸில் இருந்தது சில நாட்களே. பிறகு ஜெர்மனியின் டாக்காவ் முகாமுடைய கிளை முகாம்களான கௌஃபரிங், ட்யூர்க்ஹைம் இரண்டிலும் இருந்து, 1945 ஏப்ரல் 27-இல் விடுதலையானார். நூலில் அவர் விவரிக்கும் கட்டாய உழைப்பும் காய்ச்சலும் பெரும்பாலும் அந்தக் கிளை முகாம்களின் வாழ்க்கை. நூலின் தொடக்கத்தில் அரைப் பக்கக் கால வரிசை ஒன்று கொடுத்தால் வாசகர் இதைப் பிடித்துக்கொள்வார்.

அடுத்தது எழுதிய ஆண்டு. 'உயிர் தப்பியவர்கள் பல காலம் மௌனமாக இருந்தார்கள், பிறகுதான் பேசினார்கள்' என்ற வரி முன்னுரைகளில் திரும்பத் திரும்ப வருகிறது. இதை விட்டுவிடுங்கள். போலந்தின் லூப்ளின் நகரில் 1944 ஆகஸ்டிலேயே, போர் நடந்துகொண்டிருக்கும்போதே, யூத வரலாற்று ஆணையம் வாக்குமூலங்களைச் சேகரிக்கத் தொடங்கிவிட்டது; சில ஆண்டுகளில் பல ஆயிரம் சேர்ந்தன. ஹங்கேரியில் 1945-இல் திரும்பி வந்தவர்களிடம் ஆயிரக்கணக்கில் எழுதி வாங்கினார்கள். 1946 கோடையில் டேவிட் போடர் என்ற உளவியலாளர் சிகாகோவிலிருந்து கம்பியில் ஒலி பதியும் கருவியைச் சுமந்துபோய், ஐரோப்பிய அகதி முகாம்களில் நூற்றுக்கும் மேற்பட்டோரை அவரவர் மொழியிலேயே பேச வைத்துப் பதிந்தார். அவர்கள் பேசினார்கள், கேட்பவர்கள் குறைவாக இருந்தார்கள்.

1946-இல் எழுதியவருக்கும் 2010-இல் எழுதியவருக்கும் உள்ள வேறுபாடு நம்பகத்தன்மையில் மட்டும் இல்லை. முன்னவருக்குத் தாம் இருந்த முகாமின் முழு வரைபடம் தெரியாது. பக்கத்து வேலிக்கு அப்பால் நடந்தது வதந்தியாகத்தான் தெரியும். ஆனால் ரொட்டியின் எடை, படுக்கைப் பலகையில் எத்தனை பேர், காலணியின் அடிக்கட்டை என்பதெல்லாம் சூடு ஆறாமல் இருக்கும். பின்னவர் அறுபது ஆண்டுகள் படங்களும் நூல்களும் பார்த்தவர். அவர் நினைவில் பிறர் நினைவும் கலந்திருக்கும். அதற்கு ஈடாக, அதற்குப் பிறகு ஒரு மனிதர் எப்படி வாழ்ந்தார் என்பதை அவரால் மட்டுமே சொல்ல முடியும். எது எந்த வகை என்று வாசகருக்குத் தெரிய, எழுதிய ஆண்டு முகப்புப் பக்கத்துக்குப் பின்னாலேயே கண்ணில் பட வேண்டும்.

இனி அடிக்குறிப்புகள். இந்த இடத்தில் சற்று நிதானமாகச் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனெனில் தமிழ்ப் பதிப்புகள் பெரும்பாலும் நழுவுவது இங்கேதான்.

நினைவு நூலில் தவறான எண்ணோ பெயரோ வந்தால் மூலத்தைத் திருத்தக் கூடாது. அப்படியே மொழிபெயர்த்து, பக்கத்தின் அடியில் குறிப்புப் போட வேண்டும். நூலின் கடைசியில் மொத்தமாகக் குவித்தால் யாரும் புரட்டிப் பார்ப்பதில்லை. எந்தெந்த இடத்தில் குறிப்பு தேவைப்படும் என்பதற்கு அடிக்கடி எதிர்ப்படும் சிலவற்றைச் சொல்கிறோம்.

ஆஷ்விட்ஸில் இறந்தவர்கள் 40 லட்சம் என்று பழைய நூல்களில் இருக்கும். இது 1945-இல் சோவியத் விசாரணைக் குழு சொன்ன எண். ஆஷ்விட்ஸ் தொகுதியின் பெரிய முகாமான பிர்க்கெனாவில் உள்ள நினைவிடத்தின் பலகைகளிலேயே 1990 வரை அதுதான் இருந்தது. பின்னர் ரயில் வந்த கணக்குகளை ஒவ்வொன்றாகக் கூட்டிப் பார்த்த ஆய்வில், கொண்டுவரப்பட்டவர்கள் சுமார் 13 லட்சம், இறந்தவர்கள் சுமார் 11 லட்சம், அவர்களில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் யூதர்கள் என்று தெளிந்தது. மொத்தம் கொல்லப்பட்ட யூதர்கள் சுமார் 60 லட்சம் என்பது அந்த 40 லட்சத்தை நம்பிக் கட்டிய எண் கிடையாது. அதனால் ஆஷ்விட்ஸ் எண் குறைந்தபோதும் மொத்த எண் குறையவில்லை. மொத்த எண்ணைப் பற்றிய இந்த விளக்கத்தையும் சேர்த்துக் குறிப்புப் போடுங்கள். இல்லாவிட்டால், இன அழிப்பே நடக்கவில்லை என்னும் மறுப்பாளர்கள் வாசகரின் குழப்பத்தைப் பயன்படுத்திக்கொள்வார்கள்.

ரயில் வந்து நின்ற இடம் இன்னொன்று. பிர்க்கெனாவ் வாயிற் கோபுரத்தின் அடியில் நுழைந்து முகாமுக்குள்ளேயே போகும் தண்டவாளம் 1944 மே மாதத்தில்தான் பயன்பாட்டுக்கு வந்தது, ஹங்கேரி யூதர்களின் ரயில்களுக்காக. 1942 முதல் அதுவரை யூதர்களின் ரயில்கள் நின்றது பழைய முகாமுக்கும் பிர்க்கெனாவுக்கும் இடையே வெளியில் இருந்த இறக்குமேடையில். லெவி 1944 பிப்ரவரியில் வந்தவர். அவர் இறங்கியது அங்கே. எனவே அவர் நூலின் அட்டையில் கோபுரத்துக்குள் நுழையும் தண்டவாளப் படத்தைப் போடுவது தவறு. வீசல் நூலுக்கு அதே படம் பொருந்தும்.

கையில் பச்சை குத்திய எண் ஆஷ்விட்ஸ் முகாம் தொகுதியில் மட்டுமே இருந்த வழக்கம். பூக்கன்வால்ட், டாக்காவ், பெர்கன்-பெல்சன் முகாம்களுக்கு நேரே போனவர் கையில் எண் இருக்காது. ஆஷ்விட்ஸுக்கு வந்தவர்களிலும் நேரே நச்சுவாயு அறைக்கு அனுப்பப்பட்டவர்களுக்கு எண் இல்லை. 1944 கோடையில் ஹங்கேரியிலிருந்து வந்து, வேறு முகாமுக்கு அனுப்புவதற்காகப் பிர்க்கெனாவில் நிறுத்தி வைக்கப்பட்ட பல்லாயிரம் பேருக்கும் எண் இல்லை. ஆகவே எண் இல்லாத ஒருவரின் நூலைப் பார்த்து ஐயப்பட வேண்டியதில்லை. பெண்களுக்குத் தனி வரிசை இருந்தது. 1944 மே முதல் ஏ என்றும் பிறகு பி என்றும் எழுத்து சேர்ந்த புதிய வரிசைகள் வந்தன. வீசலின் எண் ஏ-7713, லெவியின் எண் 174517. எண்ணைக் கொண்டே ஒருவர் ஏறத்தாழ எப்போது வந்தார் என்று சொல்லிவிடலாம். டனூட்டா செக் என்ற போலந்து ஆய்வாளர் தொகுத்த ஆஷ்விட்ஸ் நாள்வாரிக் குறிப்புகள் ஆங்கிலத்தில் உண்டு. எந்த நாளில் எங்கிருந்து ரயில் வந்தது, எத்தனை பேருக்கு எந்த எண்கள் என்று அது தரும். மொழிபெயர்ப்பாளரின் மேசையில் அகராதிக்குப் பக்கத்தில் இருக்க வேண்டிய நூல் அது.

வந்து இறங்கியதும் தம்மை வலம் இடம் பிரித்தவர் நாஜி மருத்துவர் மெங்கலே என்று எண்ணற்ற நூல்கள் சொல்லும். மெங்கலே ஆஷ்விட்ஸுக்கு வந்தது 1943 மே இறுதியில். அதற்கு முன் வந்தவர்கள் கண்ட மருத்துவர் வேறொருவர். அதற்குப் பின்னும், முகாம்களை நடத்திய நாஜிப் படையான எஸ்.எஸ்.ஸின் மருத்துவர்கள் பலர் முறைவைத்து அந்த வேலையைச் செய்தார்கள். வந்து இறங்கியவருக்கு யாரும் பெயர் சொல்லி அறிமுகம் செய்துகொள்ளவில்லை. பெயர் பின்னால் தெரிந்தது, பின்னால் அந்த முகத்தோடு ஒட்டிக்கொண்டது. இதற்கு மூன்று வரிக் குறிப்புப் போதும். நூலாசிரியர் பொய் சொன்னார் என்ற தொனி அந்தக் குறிப்பில் வந்துவிடக் கூடாது.

மனிதக் கொழுப்பில் செய்ததாகச் சொல்லப்படும் சோப்பும் அப்படித்தான். 'ஆர்.ஐ.எஃப்.' என்று முத்திரையிட்ட சோப்பைப் பற்றி முகாம்களில் இந்த வதந்தி பரவியிருந்தது. கைதிகள் அதை நம்பினார்கள், எழுதினார்கள். அந்த எழுத்துகள் கொழுப்பு விநியோகத்துக்கான அரசுத் துறையின் பெயர்ச் சுருக்கம். முகாம்களில் யூதர்களின் உடல்களிலிருந்து அப்படிச் சோப்பு உற்பத்தி நடக்கவில்லை என்பதே இன்றைய வரலாற்றாய்வாளர்களின் முடிவு. ஜெருசலேமின் யாத் வஷேம் என்ற இன அழிப்பு நினைவு நிறுவனமும் அதையே சொல்கிறது. பின்னட்டையில் வாசகரை அதிர வைக்க இந்தச் செய்தியைத்தான் முதலில் எடுத்துப் போடத் தோன்றும். தயவுசெய்து வேண்டாம். நடந்ததே போதுமான அளவு கொடியது. நடக்காததைச் சேர்த்தால் நடந்ததன் மேல் ஐயம் விழும்.

அப்படி ஐயம் விழ வைக்க நீதிமன்றத்திலேயே முயன்றார்கள். கைதிகளான ருடால்ஃப் வ்ர்பாவும் ஆல்ஃபிரெட் வெட்ஸ்லரும் 1944 ஏப்ரல் 7-இல் பிர்க்கெனாவ் விறகுக் குவியலுக்குள் ஒளிந்து, 10-ஆம் தேதி இரவு தப்பி, ஸ்லோவாக்கியாவின் ஷிலினா நகரை அடைந்து, அந்த மாத இறுதியிலேயே முகாமைப் பற்றி ஒரு விரிவான அறிக்கை கொடுத்தார்கள். 1963-இல் வ்ர்பா ஆலன் பெஸ்டிக் என்ற பத்திரிகையாளரோடு சேர்ந்து நினைவு நூல் எழுதினார். உரையாடல்களும் காட்சிகளும் நிறைந்த வேகமான நூல். 1985-இல் டொரோண்டோவில் இன அழிப்பை மறுத்துப் பிரசுரம் வெளியிட்ட எர்ன்ஸ்ட் சுண்டெல் மீதான வழக்கில் வ்ர்பா சாட்சி சொல்ல வந்தபோது, எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அந்த நூலை வரிவரியாகப் பிடித்தார். நூலில் கவிஞருக்குள்ள உரிமையை எடுத்துக்கொண்டதாக வ்ர்பா சொன்னதை மறுப்பாளர்கள் இன்றுவரை மேற்கோள் காட்டுகிறார்கள். 1944 அறிக்கை ஒருவகை ஆவணம், 1963 நூல் வேறு வகை. தமிழில் அந்த நூலைக் கொண்டுவருகிறவர் அறிக்கையையும் பின்னிணைப்பாகச் சேர்த்தால் வாசகருக்கே வேறுபாடு புரிந்துவிடும். கூட எழுதியவர் பெயரையும் அட்டையிலேயே போடுங்கள்; யார் கை எங்கே இருக்கிறது என்று தெரிய வேண்டும்.

போலிகளைப் பற்றியும் சொல்லித்தான் ஆக வேண்டும். 1995-இல் பின்யமின் வில்கோமிர்ஸ்கி என்ற பெயரில் ஜெர்மனில் ஒரு குழந்தைப் பருவ நினைவு நூல் வந்தது. பரிசுகள் பெற்றது, பல மொழிகளுக்குப் போனது. 1998-இல் டானியல் கன்ஸ்ஃப்ரீட் என்ற சுவிஸ் எழுத்தாளர் அதை ஐயுற்று எழுதினார். பிறகு பதிப்புத் தரப்பு கேட்டுக்கொண்டதன்பேரில் ஷ்டெஃபான் மெக்லர் என்ற வரலாற்றாய்வாளர் பதிவேடுகளைத் துருவினார். நூலாசிரியர் சுவிட்சர்லாந்தில் 1941-இல் பிறந்து, தத்துக் கொடுக்கப்பட்டு வளர்ந்தவர், எந்த முகாமிலும் இருந்ததில்லை என்பது நிலைநாட்டப்பட்டது. ஓநாய்களோடு ஐரோப்பாவைக் கடந்த யூதச் சிறுமி என்று 1997-இல் வந்த இன்னொரு நூல் கற்பனை என்று அதன் ஆசிரியரே 2008-இல் ஒப்புக்கொண்டார். அவர் பெல்ஜியத்தின் கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவர். ஞானஸ்நானப் பதிவும் பள்ளிச் சேர்க்கைப் பதிவும் காட்டிக்கொடுத்தன.

இவற்றைவிடக் கடினமானது மூன்றாவது வகை. ஹெர்மன் ரோசன்ப்ளாட் உண்மையிலேயே முகாமில் இருந்தவர், பூக்கன்வால்டின் கிளையான ஷ்லீபனில். வேலிக்கு வெளியிலிருந்து ஒரு சிறுமி தினமும் ஆப்பிள் எறிந்தாள், பிறகு அமெரிக்காவில் அவளையே மணந்தேன் என்ற கதைதான் கற்பனை. வெளியாள் அந்த வேலியை நெருங்கவே முடியாது என்று முகாமின் வரைபடத்தைக் கொண்டு வரலாற்றாய்வாளர்கள் காட்டியதும், 2008 டிசம்பரில் பதிப்பகம் நூலை நிறுத்திவிட்டது. ஆக, உரிமை வாங்கும் முன் மூன்று சோதனைகளைச் செய்யுங்கள். நூலில் சொல்லும் ஊரிலிருந்து அந்த மாதத்தில் ரயில் போனதா? அவர் இருந்ததாகச் சொல்லும் பகுதி அப்போது கட்டப்பட்டிருந்ததா? அதே மனிதர் வேறெங்காவது முன்பே வாக்குமூலம் தந்திருக்கிறாரா? ஜெர்மனியின் அரோல்சன் ஆவணக் காப்பகத்தின் பெரும்பகுதி 2019 முதல் இணையத்திலேயே தேடக் கிடைக்கிறது. அமெரிக்காவில் 1994-இல் தொடங்கிய ஷோவா அறக்கட்டளை உயிர் தப்பியவர்கள் உள்ளிட்டோரின் 50,000-க்கும் மேற்பட்ட காணொளிச் சாட்சியங்களை வைத்திருக்கிறது. ஒரு வாரத் தேடல் உங்கள் பெயரைக் காப்பாற்றும். எதுவும் கிடைக்கவில்லை என்பதால் மட்டும் ஒருவரைப் பொய்யர் என்று முடிவுகட்டவும் கூடாது. எஸ்.எஸ். படையினர் 1945 ஜனவரியில் ஆவணங்களை எரித்துவிட்டுத்தான் ஆஷ்விட்ஸை விட்டு ஓடினார்கள்.

நாவலை நினைவு நூல் என்று விற்பதும் வேண்டாம். ஆஷ்விட்ஸில் பச்சை குத்தியவரைப் பற்றி 2018-இல் வந்து கோடிக்கணக்கானோர் படித்த ஆங்கில நூல் ஒரு நாவல். அதில் வரும் பெண்ணின் எண் 34902. அந்தப் பெண்மணி உயிரோடு இருந்தபோது தந்த காணொளிச் சாட்சியத்தில் சொன்னது 4562. இது போன்ற பல பிழைகளை ஆஷ்விட்ஸ் நினைவகமே பட்டியலிட்டது. இம்ரே கெர்டேஸ் ஆஷ்விட்ஸிலும் பூக்கன்வால்டிலும் இருந்தவர்தான். ஆனாலும் 1975-இல் அவர் எழுதியதை நாவல் என்றே சொன்னார். அவர் சொன்னபடியே போடுங்கள். சார்லோட் டெல்போ, டடேயுஷ் பொரோவ்ஸ்கி இருவரும் ஆஷ்விட்ஸ் கைதிகள், யூதர்கள் அல்லர். பிரெஞ்சு எதிர்ப்பியக்கத்தில் இருந்தவர் ஒருவர், போலந்துக் கவிஞர் மற்றவர். 'யூதப் பெண்ணின் கண்ணீர்' என்று டெல்போவின் நூலுக்கு அட்டை வாசகம் எழுதினால் இரு தரப்புக்கும் அநீதி.

கண்ணீர் என்றதும் நடை நினைவுக்கு வருகிறது. லெவி வேதியியலாளர். உணர்ச்சிச் சொற்களை எண்ணி எண்ணிச் செலவு செய்தவர். அவர் 'குளிர்ந்தது' என்று எழுதிய இடத்தில் 'எலும்பை உருக்கும் கொடுங்குளிர் வாட்டி வதைத்தது' என்று தமிழில் வந்தால் அது அவர் நூலாக இருக்காது. முகாம் மொழியின் ஜெர்மன் சொற்களான காப்போ, அப்பெல், பிளாக், சோண்டர்கொமாண்டோ ஆகியவற்றை அப்படியே தமிழ் எழுத்தில் விட்டு, முப்பது நாற்பது சொற்களுக்கு ஒரு சொற்பட்டி கொடுங்கள். கைதிகளுக்கே அவை புரியாத அந்நியச் சொற்களாகத்தான் வந்து விழுந்தன. ஊர்ப் பெயர்களுக்கு ஒரு வரைபடம் வேண்டும், அதுவும் 1942-இன் எல்லைகளோடு. சிகெட் இன்று ருமேனியாவில் இருக்கிறது, 1940 முதல் 1944 வரை ஹங்கேரியில் இருந்தது. இது தெரியாவிட்டால், ருமேனிய ஊர் யூதர்களை ஹங்கேரிக் காவலர்கள் ஏன் ரயிலேற்றினார்கள் என்று வாசகர் திகைப்பார். 'போலந்து வதைமுகாம்' என்று எழுதாதீர்கள். ஜெர்மனி பிடித்துவைத்திருந்த போலந்தில் ஜெர்மானியர் நடத்திய முகாம்கள் அவை.

அட்டைப் படத்தைப் பற்றி முன்பே ஒன்று சொன்னோம். இன்னொன்று: பலகை அடுக்குகளில் மெலிந்த மனிதர்கள் படுத்தபடி கேமராவைப் பார்க்கும் புகழ்பெற்ற படம் பூக்கன்வால்டில் 1945 ஏப்ரல் 16-இல் அமெரிக்க ராணுவத்தார் எடுத்தது. அதில் வீசலும் இருக்கிறார். ஆஷ்விட்ஸ் பற்றிய நூல்களின் அட்டைகளில் அதைப் பார்க்கிறோம். எந்தப் படமானாலும் இடம், நாள், எடுத்தவர் தெரிந்தால் மட்டும் பயன்படுத்துங்கள்.

உங்கள் முன்னுரையில் ஈழத்தைப் பற்றி எழுதத் தோன்றலாம், பாலஸ்தீனத்தைப் பற்றி எழுதத் தோன்றலாம். தமிழ் வாசகர் இந்த நூல்களைப் படிக்கும்போது முள்ளிவாய்க்கால் நினைவுக்கு வராமல் இருக்காது. எழுதுங்கள், ஆனால் உங்கள் பெயரில், தனி உரையாக, நூலுக்கு வெளியே எழுதுங்கள். அடிக்குறிப்புக்குள்ளும் பின்னட்டை வாசகத்துக்குள்ளும் அதை நுழைக்காதீர்கள். இறந்துபோன நூலாசிரியரால் மறுத்துப் பேச முடியாது.

உரிமை விஷயம் சுருக்கமாக. இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டுத் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள் காப்புரிமை உண்டு. லெவி இறந்தது 1987, ஆகவே 2047 முடியும்வரை. வீசல் இறந்தது 2016, ஆகவே 2076 முடியும்வரை. ஆங்கிலம் வழியாக மொழிபெயர்த்தால் ஆங்கில மொழிபெயர்ப்பாளரின் உரிமை தனியாக உண்டு. இரண்டு அனுமதிகளையும் கேளுங்கள். அப்படிக் கேட்கும்போதே அடிக்குறிப்பும் வரைபடமும் சேர்க்கும் அனுமதியையும் ஒப்பந்தத்தில் எழுதி வாங்கிவிடுங்கள். பிறகு கேட்டால் தாமதமாகும்.

கடைசியாக, எதைத் தேர்ந்தெடுப்பது என்பது. தமிழில் வந்தவையும் வரவிருப்பவையும் பெரும்பாலும் ஆஷ்விட்ஸைச் சுற்றியே இருக்கின்றன. காரணம் எளிது: ஆஷ்விட்ஸில் கொலைக் கூடத்தோடு உழைப்பு முகாமும் இருந்தது, அதனால் திரும்பி வந்து எழுத ஆட்கள் இருந்தார்கள். கொல்வதற்கென்றே நடத்திய ட்ரெப்லிங்கா முகாமில் சுமார் 9 லட்சம் பேரைக் கொன்றார்கள். தப்பியவர்கள் சுமார் 70 பேர். அதே வகை முகாமான பெவ்ஜெட்ஸில் 1942-இன் பத்து மாதங்களுக்குள் 4,30,000-க்கும் மேற்பட்டோரைக் கொன்றார்கள். போருக்குப் பின் அதைப் பற்றிச் சாட்சி சொல்ல எஞ்சியவர் இருவர். அவர்களில் ஹயிம் ஹிர்ஷ்மன் 1946 மார்ச்சில், சாட்சியம் கொடுத்துக்கொண்டிருந்த நாட்களிலேயே லூப்ளினில் கொல்லப்பட்டார். மற்றவர் ருடால்ஃப் ரேடர், லூவூவ் நகரில் சோப்புத் தொழிற்சாலை நடத்தியவர். தகரம் வாங்கிவரக் காவலோடு லூவூவுக்கு அனுப்பப்பட்டபோது, காவலன் உறங்கிய நேரத்தில் இறங்கி நடந்து தப்பினார். அவருடைய சிறு நூல் 1946-இல் க்ராகூவில் யூத வரலாற்று ஆணையத்தின் வெளியீடாக வந்தது, ஆங்கிலத்திலும் உண்டு. ட்ரெப்லிங்காவில் தச்சராக வைக்கப்பட்டிருந்த யான்கெல் வியர்னிக், 1943 ஆகஸ்ட் 2 கிளர்ச்சியில் தப்பி எழுதிய நூல், ஜெர்மன் ஆட்சி நடந்துகொண்டிருந்த வார்சாவிலேயே 1944 மே மாதத்தில் ரகசியமாக அச்சிடப்பட்டது. ஹில் ரைக்மன் அதே கிளர்ச்சியில் தப்பி வார்சாவில் ஒளிந்திருந்தபோது யிடிஷில் எழுதியது 2009-இல்தான் நூலானது, அவர் இறந்து ஐந்து ஆண்டுகளுக்குப் பிறகு.

இந்த மூன்றும் சிறிய நூல்கள். ரேடரையும் வியர்னிக்கையும் ஒரே தொகுதியாக, இரு முகாம்களின் வரைபடங்களோடு கொண்டுவந்தால் இருநூறு பக்கத்துக்குள் அடங்கும். அடுத்த ஆண்டுத் திட்டத்தில் இதற்கு இடம் கொடுங்கள் என்று கேட்டுக்கொள்கிறோம். மெய்ப்புப் பார்க்கவும், தேதிகளையும் ஊர்ப்பெயர்களையும் சரிபார்க்கவும் ஊதியமின்றி உதவ நாங்கள் ஆயத்தமாக இருக்கிறோம்.

அன்புடன்,
இந்நூல்களை வாசித்தும் ஒப்புநோக்கியும் வரும் தமிழ் வாசகர்கள் சிலர்